வெறுந்தாளில் வைத்த கையெழுத்து

அத்தியாயம் 17

திங்கட்கிழமை மத்தியானம்தான் அந்தக் கடிதத்தின் படம் யாரோ ஒருவருடைய போனில் முதன்முதலாக வந்தது. பொழுதுபடுவதற்குள் முல்லைத்தீவுக் கரையில் போன் வைத்திருந்த அத்தனை பேரும் பார்த்துவிட்டார்கள். போன் இல்லாதவர்களுக்குப் பக்கத்து வீட்டார் வாசித்துக் காட்டினார்கள். மேலே வன்னி மாவட்டப் பாராளுமன்ற உறுப்பினர் எமில்டா மரியநேசனின் பெயரும் முகவரியும், அடியில் அவளுடைய கையெழுத்து, நடுவில் ஐந்தே வரி. பனையடிப் பாடு என்ற வலை வளைக்கும் கரைத் துண்டில், உழவு இயந்திரத்தில் கயிறு சுற்றும் வின்ச் பூட்டிக் கரைவலை இழுக்க அனுமதி கொடுக்கலாம், தனக்கு ஆட்சேபனை இல்லை என்று அந்த ஐந்து வரியும் சொல்லின.

பனையடிப் பாட்டின் சம்மாட்டி, அதாவது வலைக்குச் சொந்தக்காரன், வேறு யாருமல்ல. எமில்டாவின் கணவர் மரியநேசனின் கூடப்பிறந்த தம்பி றொமேஸ்தான்.

வேறொரு எம்.பி. இப்படி எழுதியிருந்தால் ஊர் இரண்டு நாள் பேசிவிட்டு மூன்றாம் நாள் மறந்திருக்கும். எமில்டா எழுதியதுதான் பிரச்சினை. கயிறு பிடிக்கும் பெண்களுக்காகவே அரசியலுக்கு வந்தவள் அவள். போர் முடிந்து அகதி முகாமிலிருந்து திரும்பி வந்த வருடம், கரைவலை இழுத்த பெண்களுக்கு அரைப் பங்குதான் என்று சம்மாட்டிமார் சொன்னபோது, கரைக்கு வந்த மீன் குவியலின் மேலேயே ஏறி உட்கார்ந்துவிட்டாள். வெயில் ஏறி மீன் நாறத் தொடங்கிய பிறகுதான் முழுப் பங்குக்குச் சம்மதித்தார்கள். அதிலிருந்து மாதர் சங்கம், மனு, மறியல், பிரதேச சபை என்று படிப்படியாக ஏறிக் கடைசியில் பாராளுமன்றம். "கயிறு பிடிச்ச கைக்குப் பங்கு" என்று சொல்லித்தான் வாக்குக் கேட்டாள். இப்போது அந்தக் கயிற்றைப் பெண்களின் கையிலிருந்து வாங்கி மச்சானின் மெசினில் சுற்றச் சொல்லி அவளே கடிதம் கொடுத்தாள் என்றால் சனம் சும்மா இருக்குமா?

"நான் எழுதேல்ல" என்றாள் எமில்டா. மறுநாளே பொலிஸுக்குப் போய் முறைப்பாடும் கொடுத்தாள்.

இவ்வளவும் போன கிழமை பார்த்தோம். பார்க்காமல் விட்டது ஒன்று உண்டு. அந்தத் திங்கட்கிழமை சாப்பாட்டு மேசையில் அவள் கணவரைப் பார்த்து, "இது எப்பிடி வந்ததெண்டு உங்களுக்கு ஏதும் தெரியுமே?" என்று கேட்டாள். மரியநேசன் சோற்றைப் பிசைந்துகொண்டே, "எனக்கென்ன தெரியும்?" என்றார்.

அது பொய்.

வியாழக்கிழமை காலை ஆறரை மணிக்கு மரியநேசன் குசினியில் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தார். எம்.பி.யின் கணவர் என்றால் பெரிய உத்தியோகம் என்று நினைப்பவர்கள் ஒரு நாளைக்கு அந்த வீட்டில் வந்து நின்று பார்க்க வேண்டும். முற்றத்துத் தகரக் கொட்டகைக்குக் கீழே பதினாறு பிளாஸ்ரிக் கதிரை. விடியமுதலே பதினாறிலும் ஆட்கள் வந்து குந்திவிடுவார்கள். ஒருவருக்குக் காணி உறுதி இல்லை, இன்னொருவருக்குப் பிறப்புச் சான்றிதழில் தகப்பன் பெயர் பிழை, வேறொருவருக்கு மகளுக்குப் பள்ளிக்கூடத்தில் இடமில்லை. அத்தனை பேருக்கும் தேத்தண்ணி ஊற்றுவது மரியநேசனின் வேலை. முப்பது வருடம் படகில் என்ஜின் பிடித்த கை இப்போது கேத்தில் பிடிக்கிறதென்று சந்தையில் கேலி செய்வார்கள். உள்ளுக்குள் அவருக்கு அதில் பெருமைதான், வெளியில் காட்டிக்கொள்வதில்லை.

இன்றைக்கு ஐந்து பேர்தான் வந்திருந்தார்கள். பதினொரு கதிரை வெறுமையாகக் கிடந்தது.

எமில்டா சேலைத் தலைப்பை ஊசியால் குத்திக்கொண்டே குசினிக்குள் வந்தாள். மூன்று நாளாகச் சரியாகத் தூங்கவில்லை என்பது கண்ணில் தெரிந்தது.

"பத்து மணிக்குக் கச்சேரியில ஒருங்கிணைப்புக் குழுக் கூட்டம். கிருசாந்தன் இண்டைக்கு என்னை விடமாட்டான். கடிதத்தைப் பெருப்பிச்சு அடிச்சுக் கொண்டுவாறானாம்."

கச்சேரி என்பது மாவட்டச் செயலகம். கிருசாந்தன் அதே மாவட்டத்தின் இன்னொரு எம்.பி. வேறு கட்சிக்காரர். எமில்டாவின் கால் எங்கே இடறும் என்று ஒன்றரை வருடமாகப் பார்த்துக்கொண்டிருப்பவர்.

"நீ என்ன சொல்லப்போறாய்?" என்று கேட்டார் மரியநேசன்.

"உள்ளதைத்தான் சொல்லுவன். தாள் என்ர, கையெழுத்தும் என்ர, எழுத்து என்ர இல்லை." அவள் கோப்பையை வாங்கிக்கொண்டாள். "டக்சாயினியை ஒன்பது மணிக்குப் பொலிஸ் வரச் சொல்லியிருக்கு."

டக்சாயினி, வீட்டு முன்னறையில் இயங்கும் எமில்டாவின் அலுவலகத்தில் வேலை செய்யும் பிள்ளை. வயது இருபத்திநாலு. கரையில் கயிறு பிடிக்கும் நேசமலரின் ஒரே மகள்.

"அவளை என்னத்துக்கு?"

"றொமேஸ் வாக்குமூலம் குடுத்திருக்கிறார். கடிதத்தை அவள்தான் அடிச்சுத் தந்தவளாம்."

கேத்திலை அடுப்பில் வைக்க மறந்து கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றார் மரியநேசன். தம்பி இப்படிச் சொல்லுவான் என்று அவர் கனவிலும் நினைக்கவில்லை.

"நீ அவளிட்டக் கேட்டனியே?"

"எப்பிடிக் கேக்கிறது? பொலிஸ் விசாரிக்கேக்க நான் கூப்பிட்டுக் கதைச்சா, சாட்சியைக் கலைக்கிறன் எண்டு கிருசாந்தன் நாளைக்குப் பேப்பரில போடுவான். எனக்கும் நம்ப ஏலாமல்தான் இருக்கு. ஆனா பூட்டின அலுமாரியின்ர திறப்பு அவளிட்டத்தானே? பத்துத் தாள் வைச்சன். ஒன்பது தாளுக்குத்தான் அவள் எனக்கு போன் எடுத்துக் கேட்டு அடிச்சவள். மற்றது எங்கை?"

அந்தப் பத்துத் தாள்தான் இந்தக் கதையின் வில்லங்கமே. பாராளுமன்றம் கூடும் கிழமைகளில் எமில்டா நாலு நாள் கொழும்பில் நிற்க வேண்டும். கொக்குத்தொடுவாயிலிருந்து ஒரு தாய் கடிதமொன்றுக்காக மூன்று தரம் பஸ் ஏறி வந்து மூன்று தரமும் வெறுங்கையோடு போனாள். அதைக் கேள்விப்பட்ட நாள் முதல், எமில்டா கொழும்புக்குப் போகுமுன் தன் பெயர் அச்சடித்த பத்துத் தாளில் அடியில் கையெழுத்து மட்டும் வைத்து அலுமாரியில் பூட்டிவிட்டுப் போவாள். யாருக்கு என்ன தேவையோ அதை டக்சாயினி போனில் சொல்லுவாள், எமில்டா சரி என்றால் அடித்துக் கொடுப்பாள். சனத்தின் மேல் இரக்கப்பட்டுச் செய்த வேலை. சட்டம் படித்தவர்கள் கேட்டால் தலையில் அடித்துக்கொள்வார்கள்.

அந்த அலுமாரி மரியநேசனின் தாய் வீட்டு அலுமாரி. அதற்கு இன்னொரு திறப்பு, இரண்டாவது சாவி, உண்டு. அது எப்போதும் வீட்டு மாடத்திலுள்ள மாதா சிலைக்கு, அந்தச் சுருவத்துக்குப் பின்னால் இருக்கும். எமில்டாவுக்கு அது நினைவிலேயே இல்லை. மரியநேசனுக்கு இருந்தது.

சொந்தக்காரருக்குக் கடிதம் கொடுப்பதில்லை என்பது எமில்டா போட்ட முதல் சட்டம். கலியாண வீட்டிலும் செத்த வீட்டிலும் மரியநேசன்தான் அதற்கு வாங்கிக் கட்டிக்கொள்வார். ஊரெல்லாம் அவள் கையெழுத்தோடு திரியுது, கூடப்பிறந்தவனுக்கு ஒரு துண்டு இல்லையே என்பார்கள். மூன்று கிழமைக்கு முன் றொமேஸ் வந்து, "அண்ணை, மச்சாளின்ர தாள் ஒண்டு வேணும்" என்றபோது, அவர் சுருவத்துக்குப் பின்னால் கையை விட்டார்.

எதற்கு என்று அவர் கேட்கவில்லை. கேட்டால் என்ன பதில் வரும் என்று அவருக்குத் தெரியும்.

"எமில்டா..." என்றார்.

"என்ன?"

இப்போது சொன்னால் முடிந்தது. அவள் நேரே பொலிஸுக்குப் போவாள், அந்தப் பிள்ளை வீட்டுக்குப் போகும். ஆனால் தம்பி? பொய் வாக்குமூலம் கொடுத்தவனை என்ன செய்வார்கள்? அவளுடைய முகத்தைப் பார்த்தார்.

"தேத்தண்ணி ஆறப்போகுது, குடி."

அவள் குடித்தாள். வாகனம் வந்தது, போய்விட்டாள்.

மரியநேசன் மோட்டார் சைக்கிளை உதைத்துக்கொண்டு பனையடிப் பாட்டுக்குப் போய்ச்சேர எட்டு மணியாகிவிட்டது. சோளகக் காற்று மணலை வாரிக் கண்ணில் அடித்தது. வலை வளைத்துப் போட்டிருந்தார்கள், மிதப்புகள் கடலில் அரைவட்டமாகத் தெரிந்தன. முன்பெல்லாம் இந்த நேரத்தில் முப்பது பேர் இரண்டு பக்கமும் கயிற்றில் நிற்பார்கள். இன்றைக்கு நாலு ஆண்கள் நின்றார்கள். மிச்ச வேலைக்கு நீல நிற உழவு இயந்திரம் ஒன்று பின்னால் வின்ச்சோடு மணலில் நின்றது. கொஞ்சம் தள்ளி, மீனவர் குடிலான வாடியின் நிழலில், கயிறு பிடிக்கும் பெண்கள் பத்துப் பதினொரு பேர் கையை மடியில் வைத்துக்கொண்டு குந்தியிருந்தார்கள். இறங்கிப் போகும்போது அவர்கள் பக்கம் திரும்ப மரியநேசனுக்குத் தைரியம் வரவில்லை.

"டேய், அந்தப் பிள்ளையின்ர பேரை ஏன்டா சொன்னனி?"

றொமேஸ் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு அண்ணனை வாடிக்குப் பின்னால் இழுத்துக்கொண்டு போனான்.

"பின்ன என்ன செய்யச் சொல்லுறாய்? தாள் ஆர் தந்ததெண்டு கேட்டாங்கள். உன்ர பேரைச் சொல்லேலுமே? உன்னைக் காட்டிக்குடுத்துப்போட்டு நான் எந்த முகத்தோட கோயிலுக்குப் போறது?"

"அதுக்கு ஒரு குமர்ப்பிள்ளையைக் காட்டிக்குடுப்பியே?"

"ஒண்டும் செய்யாங்கள் அண்ணை. ரெண்டு கேள்வி கேட்டுப்போட்டு விட்டிடுவாங்கள். அவள் மச்சாளின்ர ஆள்தானே, மச்சாள் வெளியில எடுத்துவிடுவா."

"மச்சாளுக்கு அவளிலதான் சந்தேகம்."

றொமேஸுக்கு அது எதிர்பாராத அடி. காலால் மணலைக் கிளறினான். பிறகு குரலை உயர்த்தினான்.

"நான் என்ன கொள்ளையடிச்சனானே? எங்கட பாட்டில இழுக்க ஆளில்லை அண்ணை. பெடியள் எல்லாம் பிரான்சில, கனடாவில. இஞ்சை மிஞ்சினவன் கராஜில நிக்கிறான். பொம்பிளையளை மட்டும் வைச்சு இழுத்தா வலையின்ர மடி கரைக்கு வர மூண்டு மணித்தியாலம். பாதி மீன் அடியால போயிடும். மச்சாளுக்கு வாக்கு வேணும், எனக்கு மீன் வேணும்."

"அதை அவவிட்ட நேர சொல்லியிருக்கலாமே!"

"உன்னட்டச் சொல்லத்தான் வந்தனான். நீ கேட்டியே? என்னத்துக்கடா எண்டு ஒரு வார்த்தை கேட்டிருந்தா உள்ளதைச் சொல்லியிருப்பன். நீ கேக்கேல்ல. மடிச்சு என்ர பொக்கற்றுக்குள்ள வைச்சுவிட்டனி."

தம்பி சொன்னது முழுக்க உண்மை.

"வா, ரெண்டு பேருமாப் போய்ச் சொல்லுவம்."

"சொன்னா பொய் சொன்னதுக்கு என்னை உள்ள போடுவாங்கள். ரெண்டு பொம்பிளைப் பிள்ளையள் எனக்கு. நீ சத்தம் போடாமல் இரு அண்ணை. பத்து நாளில எல்லாம் அடங்கிடும்." றொமேஸ் அண்ணனின் தோளில் கை வைத்தான். "என்னை விட்டிடாத."

மோட்டார் சைக்கிளடிக்குத் திரும்பி வந்தபோது நேசமலர் அங்கே காத்துக்கொண்டு நின்றாள். பொலிஸுக்குப் போவதற்காகக் கோயிலுக்குக் கட்டும் சேலையைக் கட்டியிருந்தாள். அவளுக்குப் பின்னால், வீதியோரத்தில், டக்சாயினி தலையைக் குனிந்தபடி நின்றாள்.

"மரியநேசன் அண்ணை, எமில்டா அக்காட்ட ஒண்டு சொல்லுவியளே?"

"சொல்லு நேசம்."

"பொலிஸை மறிக்கச் சொல்லிக் கேக்கேல்ல. என்ர பிள்ளைக்காகக் கதைக்கச் சொல்லியும் கேக்கேல்ல. அவளிட்ட ஒரு வார்த்தை கேக்கச் சொல்லுங்கோ, அவ்வளவுதான். எடுத்தனியோ எண்டு அக்கா கேட்டா, அவள் இல்லை எண்டு சொல்லுவாள். அதுகூடக் கேக்கேல்ல எண்டுதான் பிள்ளை மூண்டு நாளாச் சாப்பிடாமல் கிடக்கிறாள்."

"ஓம் நேசம். சொல்லுறன்."

சொல்லுறன் என்று அவர் சொல்வது இந்த மூன்று நாளில் இது எத்தனையாவது தரமோ. மற்றதெல்லாம் தனக்குத்தானே சொல்லிக்கொண்டது.

நேரே பொலிஸுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. முதலில் மனுசிக்குத்தான் சொல்ல வேண்டும், பிறகுதான் ஊருக்கு என்று மனதுக்குள் ஒரு கணக்கு. வழியில் இரண்டு தரம் போன் அடித்துப் பார்த்தார், அவள் எடுக்கவில்லை. கச்சேரி வாசலுக்கு வந்தபோது பத்துக்குப் பத்து நிமிடம் இருந்தது. எமில்டா படியில் நின்றாள். சுற்றிவர அதிகாரிகள் மூன்று பேர், ஒலிவாங்கியை நீட்டிக்கொண்டு பத்திரிகைக்காரப் பெடியள் இரண்டு பேர்.

அவரைக் கண்டதும் அவள் விலகி ஓரடி வந்தாள். "என்ன, ஏன் வந்தனியள்? வீட்டில ஏதுமே?"

பத்திரிகைக்காரரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"இல்லை. பிறகு சொல்லுறன்" என்றார் மரியநேசன்.

அவள் உள்ளே போனாள். இந்த மனுசனை என்னவென்று சொல்வது? புயலுக்குள் படகு விட்டவர். மனுசியின் முகத்துக்கு முன்னால் வாய் திறக்க மட்டும் அவருக்கு வரவில்லை.

மண்டபத்தில் நூறு பேருக்குக் குறையாது. பின்சுவரோடு சாரதிமாரும் பத்திரிகைக்காரரும் நின்ற இடத்தில் மரியநேசனும் ஒதுங்கி நின்றார். குளக்கட்டு, யானை வேலி, பாதியில் நின்ற வீதி என்று ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தது. அவர் காதில் ஒன்றும் ஏறவில்லை. பதினொரு மணியளவில் கூட்டத் தலைவர், "கடற்றொழில்" என்று சொன்னார். கிருசாந்தன் எழும்பினார்.

கடிதத்தைக் கதவளவுக்கு அடித்துக் கொண்டுவந்திருந்தார். ஐந்து வரியையும் நிறுத்தி நிறுத்தி வாசித்தார்.

"கயிறு பிடிச்ச கைக்குப் பங்கு எண்டு வாக்குக் கேட்டவா, இப்ப கயிற்றைக் கொண்டுபோய் மச்சானின்ர மெசினில கட்டிப்போட்டா. இதுக்கு என்ன சொல்லுறியள் அம்மா?"

மண்டபத்தில் சிரிப்பு எழுந்தது. எமில்டா சிரிப்பு அடங்கும்வரை பொறுத்து எழும்பினாள்.

"தாள் என்ர, கையெழுத்தும் என்ர. அதை நான் மறைக்கேல்ல. சனம் வெறுங்கையோட திரும்பக்கூடாதெண்டு வெறுந்தாளில கையெழுத்து வைச்சுப்போட்டுப் போறது என்ர வழக்கம். அது பிழை. அந்தப் பிழைக்கு நான்தான் பொறுப்பு. ஆனா இந்த வரியள் என்ர இல்லை. தாளைக் களவா எடுத்தது ஆரெண்டாலும், என்ர வீட்டு ஆளெண்டாலும், நான் காப்பாத்தமாட்டன்."

அந்தக் கடைசி வார்த்தை மரியநேசனின் நெஞ்சில் நேரே வந்து விழுந்தது.

"வீட்டு ஆள் ஏன்?" கிருசாந்தன் உட்காரவில்லை. "உங்கட அலுவலகத்துப் பிள்ளை டக்சாயினி இப்ப பொலிஸில இருக்கிறா. அந்தப் பிள்ளைதான் எடுத்ததெண்டு சொல்லுறியளோ? இல்லையெண்டா இல்லையெண்டு சொல்லுங்கோ. நாங்களும் கேக்கிறம்."

எமில்டா முன்னால் இருந்த காகிதங்களை அடுக்கினாள்.

"விசாரணை நடக்குது. அதைப் பற்றி நான் இப்ப ஒண்டும் சொல்ல ஏலாது."

பின்சுவரோடு நின்ற பெடியள் குனிந்து போனில் அடிக்கத் தொடங்கினார்கள். டக்சாயினியின் பெயர் இன்னும் பத்து நிமிடத்தில் கரை முழுக்கப் போய்விடும். மரியநேசனுக்குக் கோபம் வந்தது. தன் மேல் வந்த கோபத்தில் கொஞ்சம் எமில்டா மேலும் திரும்பியது. மீன் குவியலின் மேல் ஏறி உட்கார்ந்த எமில்டாவாக இருந்தால், என்ர பிள்ளை எடுக்கமாட்டாள் என்று மேசையில் அடித்துச் சொல்லியிருப்பாள். அவளை இப்படிக் காகிதம் அடுக்க வைத்தது யார்? வேறு யார், அவரேதான்.

"நான்தான் எடுத்தனான்" என்றார்.

பக்கத்தில் நின்ற சாரதிக்கு மட்டும்தான் அது கேட்டது. அவன் விழித்துப் பார்த்தான். மரியநேசன் மூச்சை இழுத்தார். அலைக்கு மேலால் அடுத்த படகைக் கூப்பிடும் குரல் அவருடையது. அந்தக் குரலில் சொன்னார்.

"தாளை எடுத்தது நான்! அந்தப் பிள்ளைக்கு ஒண்டும் தெரியாது!"

நூறு தலையும் திரும்பியது. எமில்டாவின் தலை மட்டும் திரும்பவில்லை. குரலிலேயே ஆளைத் தெரிந்துகொண்டுவிட்டாள்.

"நீங்கள் ஆர்?" என்று கேட்டார் தலைவர்.

"மரியநேசன். எம்.பி.யின்ர மனுசன். அலுமாரிக்கு இன்னொரு திறப்பு வீட்டில கிடக்கு. அதால திறந்து ஒரு தாள் எடுத்து என்ர தம்பிக்குக் குடுத்தனான். எமில்டாவுக்குத் தெரியாது. டக்சாயினிக்கும் தெரியாது. பிள்ளையை விடச் சொல்லுங்கோ."

கிருசாந்தன் கடிதத்தைக் கையில் பிடித்தபடி நின்றார். அவரும் இதை எதிர்பார்க்கவில்லை. தலைவர் கண்ணாடியைக் கழற்றினார், திரும்பப் போட்டார்.

"அப்ப இது குடும்ப விவகாரம் போல கிடக்கு. அம்மா, முறைப்பாட்டை நீங்கள் வாபஸ் வாங்குறதெண்டா..."

"இல்லை" என்றாள் எமில்டா. குரல் நடுங்கவில்லை. "பேர் தெரியாத ஆளுக்கு எதிராத்தான் முறைப்பாடு எழுதினன். இப்ப பேர் தெரியும். கடிதத்தை ரத்துச் செய்யச் சொல்லி இந்தச் சபையைக் கேக்கிறன். நன்றி."

கோப்புகளை எடுத்துக்கொண்டு வெளியே நடந்தாள்.

விறாந்தையில் அவர் ஓடிப்போய்ப் பிடித்தார். எமில்டா நின்றாள், முகத்தைப் பார்க்கவில்லை.

"திங்கட்கிழமை சாப்பிடேக்க கேட்டன்."

"ஓம்."

"இண்டைக்கு வாசலில வைச்சும் கேட்டன்."

"ஓம்."

"எனக்குச் சொல்ல ஏலாததை நூறு பேருக்கு முன்னால சொல்லியிருக்கிறியள்."

அவள் கோப்புகளை மற்றக் கைக்கு மாற்றினாள்.

"என்னத்துக்கெண்டு றொமேஸிட்டக் கேட்டனியளே?"

"கேக்கேல்ல."

"ஏன்?"

"கேட்டா குடுக்க ஏலாது" என்றார் மரியநேசன்.

அப்போதுதான் அவள் நிமிர்ந்து பார்த்தாள். திட்டியிருந்தால் தாங்கியிருப்பார். கண் நிறைந்து கிடந்ததைத்தான் தாங்க முடியவில்லை. அவள் வாகனத்தில் ஏறினாள், ஏறச் சொல்லி அவரைக் கூப்பிடவில்லை. அவர் மோட்டார் சைக்கிளில் பின்னால் போனார்.

பொலிஸ் நிலையத்து வாங்கில் டக்சாயினியும் நேசமலரும் ஒருவரை ஒருவர் ஒட்டிக்கொண்டு இருந்தார்கள். கூட்டத்தில் நடந்தது அதற்குள் அங்கே போனில் வந்துவிட்டது. எமில்டா நேரே அந்தப் பிள்ளைக்கு முன்னால் போய் நின்றாள்.

"பிள்ளை, என்னை மன்னிச்சுக்கொள்."

டக்சாயினி எழும்பினாள். அழவில்லை. "மூண்டு வருசம் உங்களோட வேலை செய்தனான் அன்ரி. சனம் என்ன குறை சொன்னாலும், கிட்ட கூப்பிட்டு, உண்மையோ எண்டு கேப்பியள். என்னட்ட மட்டும் ஏன் கேக்கேல்ல?"

"பயந்துபோனன்" என்றாள் எமில்டா. பாராளுமன்றத்தில் ஒரு நாளும் சொல்லாத வார்த்தை அது.

"நான் இனி வேலைக்கு வரேல்ல அன்ரி."

எமில்டா தலையாட்டினாள். வற்புறுத்தவில்லை. அப்போது நேசமலர் பேசினாள்.

"அக்கா, மன்னிப்பை இந்த மூலைக்குள்ள நிண்டு கேக்காதேங்கோ. கரைக்கு வாங்கோ. அங்கை வைச்சுத்தான் என்ர பிள்ளையைக் கள்ளி எண்டவை. அங்கை வந்து கேளுங்கோ."

"வாறன்" என்றாள் எமில்டா. "இப்பவே வாறன்."

வாசலில் நின்ற மரியநேசனைத் தாண்டித்தான் மூன்று பேரும் வெளியே போனார்கள்.

சார்ஜன்ட் யோகலிங்கம் நல்ல மனுசன். மரியநேசனை இருத்தித் தண்ணீர் கொடுத்து, ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதினார். தாளை எடுத்தது எந்த நாள், எந்த நேரம், யாரிடம் கொடுத்தது, எல்லாம். றொமேஸ் என்ற பெயரைச் சொல்ல வேண்டிய இடத்தில் சார்ஜன்ட் பேனையைப் பிடித்துக்கொண்டு பொறுத்திருந்தார். மரியநேசன் சொன்னார்.

"உங்கட தம்பி எங்களுக்குப் பொய் சொல்லியிருக்கிறார். அதுவும் ஒரு அப்பாவிப் பிள்ளையில பழியைப் போட்டு" என்றார் சார்ஜன்ட். "அவரை இண்டைக்கே திரும்ப விசாரிக்க வேணும். ஜீப்பை அனுப்பினா கரையில சனம் கூடும். என்ன செய்வம்? நாங்கள் போகவோ, நீங்களே கூட்டிக்கொண்டு வாறியளோ?"

மரியநேசன் மோட்டார் சைக்கிள் திறப்பை மேசையிலிருந்து எடுத்தார்.

"நான் கூட்டிக்கொண்டு வாறன்."

வெளியே வெயில் கொளுத்தியது. மோட்டார் சைக்கிளில் ஏறி இன்னும் உதைக்கவில்லை, போன் அடித்தது. தம்பிதான். பின்னால் காற்றும் பெண்களின் சத்தமும் ஒன்றாகக் கேட்டன.

"அண்ணை! எங்கை நிக்கிறாய்? இஞ்சை மச்சாள் வந்து நிக்கிறா. எல்லாருக்கும் முன்னால அந்தப் பெட்டையின்ர கையைப் பிடிச்சு மன்னிப்புக் கேட்டவா. இப்ப பொம்பிளையள் எல்லாரும் எழும்பிக் கயிற்றில கை வைச்சிட்டாளுகள். மச்சாளும் சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கயிற்றில நிக்கிறா. மெசினை நிப்பாட்டச் சொல்லுறாளுகள். என்னோட நிண்டவங்களும் என்னை விட்டிட்டுப் போறாங்கள் அண்ணை. நான் தனிச்சுப்போனன். நீ கூட்டத்தில என்னவோ சொன்னியாம் எண்டு கதைக்கிறாங்கள், நான் நம்பேல்ல. என்ர அண்ணை என்னை விடான் எண்டு சொன்னனான். கெதியா வா!"

மரியநேசன் போனைக் காதோடு அழுத்திக்கொண்டார். இனிக் கேட்ட கேள்விக்கு ஒளிக்காமல் பதில் சொல்லலாம். அதுவும் இந்தத் தம்பிக்குத்தான் சொல்ல வேண்டியிருந்தது.

"வாறன் தம்பி" என்றார். "உன்னைக் கூட்டிக்கொண்டு போகத்தான் வாறன்."

"அப்பாடா" என்றான் றொமேஸ். "எங்கையண்ணை, வீட்டையே?"

"இல்லை தம்பி. பொலிஸுக்கு."

மறுமுனையில் தொடர்பு அறுந்தது. மரியநேசன் மோட்டார் சைக்கிளை உதைத்துக் கரைப் பக்கம் திருப்பினார்.